நான்கு போட்டிகளில் வென்றும் கிண்ணம் கிடைக்காதது எப்படி? மகளிர் ஆஷஸ் புள்ளிக்கணக்கும் சில கதைகளும்

கேள்வி: நான் வடமராட்சியில் ஒரு பெண்கள் பாடசாலையில் படிப்பிக்கிறேன். இந்த வருடம் கிரிக்கெட் அணியை என் பொறுப்பில் விட்டிருக்கிறார்கள். எனக்குத் தெரிந்தது வலைப்பந்தாட்டம் மட்டும்தான். பிள்ளைகள் கேட்கும் கேள்விகளுக்குப் பதில் சொல்ல முடியவில்லை. 2023 மகளிர் ஆஷஸில் இங்கிலாந்து நான்கு போட்டிகளிலும் அவுஸ்திரேலியா மூன்று போட்டிகளிலும் வென்றும் தொடர் 8–8 என்று முடிந்தது எப்படி? அத்தனை பெரிய தொடரில் ஏன் ஒரேயொரு டெஸ்ட்? எங்கள் இலங்கை மகளிர் அணிக்கு ஏன் இப்படியொரு தொடர் இல்லை? எங்களுக்கும் பக்கத்துப் பாடசாலைக்கும் இடையில் இதுபோல ஒன்றை நடத்தலாமா?

பதில்:

ரீச்சர், கடைசிக் கேள்விக்கு உடனேயே பதில் சொல்லிவிடுகிறேன்: தாராளமாக நடத்தலாம், எப்படி என்பதைக் கீழே எழுதுகிறேன். ஆனால் அதற்கு முதற்கேள்வி விளங்க வேண்டும். பாடசாலைப் போட்டிகளுக்குப் புள்ளிப் புத்தகம் எழுதியே தலை நரைத்தவன் நான். அதனால் கணக்கிலிருந்தே தொடங்குகிறேன்.

மகளிர் ஆஷஸ் என்பது இங்கிலாந்துக்கும் அவுஸ்திரேலியாவுக்கும் இடையிலான தொடர். ஒரு டெஸ்ட் (பல நாள் ஆட்டம், அணிக்கு இரண்டு இன்னிங்ஸ், அதாவது இரண்டு தடவை துடுப்பாட்டம்), மூன்று ஒருநாள் போட்டிகள் (அணிக்கு 50 ஓவர்), மூன்று இருபது20 போட்டிகள் (அணிக்கு 20 ஓவர்) என்று ஏழு ஆட்டங்கள். டெஸ்டில் வென்றால் 4 புள்ளிகள், வெற்றி தோல்வியின்றி முடிந்தால் ஆளுக்கு 2. மற்ற ஆறு ஆட்டங்களிலும் வெற்றிக்குத் தலா 2. மொத்தம் 16 புள்ளிகள் களத்தில் கிடக்கின்றன. தொடர் சமநிலையில் முடிந்தால் கிண்ணம் ஏற்கெனவே யாரிடம் இருந்ததோ அவர்களிடமே இருக்கும்.

இப்போது 2023-ஐ ஒரு தாளில் எழுதிப் பாருங்கள். நொட்டிங்ஹாம் டெஸ்டில் அவுஸ்திரேலியா 89 ஓட்டங்களால் வென்றது: 4–0. முதல் இருபது20 போட்டியையும் அவர்களே வென்றார்கள்: 6–0. இதற்குப் பிறகு இங்கிலாந்து எழும்பும் என்று பலர் நினைக்கவில்லை. அடுத்த இரண்டு இருபது20 போட்டிகளும் இங்கிலாந்துக்கு: 6–4. பிரிஸ்டலில் முதல் ஒருநாள் போட்டி, இரண்டே விக்கெட்டுகள் மீதமிருக்க இங்கிலாந்து வெற்றி: 6–6. சவுத்ஹாம்ப்டனில் நாட் சிவர்-பிரன்ட் ஆட்டமிழக்காமல் 111 அடித்தும் மூன்று ஓட்டங்களால் தோல்வி: 8–6. கிண்ணம் அவுஸ்திரேலியாவிடமே என்பது அந்த இடத்தில் உறுதியாகிவிட்டது. டோன்டனில் கடைசிப் போட்டியில் சிவர்-பிரன்ட் மறுபடியும் சதம், இங்கிலாந்து வெற்றி: 8–8.

ஒருநாள் தொடர் இங்கிலாந்துக்கு 2–1, இருபது20 தொடரும் இங்கிலாந்துக்கு 2–1. ஆனாலும் கிண்ணம் கைக்கு வரவில்லை, ஏனென்றால் டெஸ்ட் என்ற ஒற்றை ஆட்டம் இரண்டு ஆட்டங்களின் பாரத்தைச் சுமக்கிறது. பிள்ளைகளுக்கு இது அநியாயமாகப் படும். அவர்களிடம் 2014-இன் கதையைச் சொல்லுங்கள். அந்தத் தொடரில் டெஸ்ட் வெற்றிக்கு 6 புள்ளிகள். பேர்த்தில் நடந்த டெஸ்டை இங்கிலாந்து 61 ஓட்டங்களால் வென்றது. பிறகு ஒருநாள் தொடரையும் இருபது20 தொடரையும் அவுஸ்திரேலியாதான் 2–1 என்று வென்றது. அதாவது நான்கு ஆட்டங்கள் அவுஸ்திரேலியாவுக்கு, மூன்று இங்கிலாந்துக்கு. முடிவு 10–8, கிண்ணம் இங்கிலாந்துக்கு! 2023-இல் அழுத அதே நாடு ஒன்பது வருடங்களுக்கு முன் இதே கணக்கின் தயவில் சிரித்தது. அடுத்த தொடரான 2015-இலிருந்து டெஸ்டின் பெறுமதி 4 ஆகக் குறைக்கப்பட்டது. 2014-இலேயே அது 4 ஆக இருந்திருந்தால் அந்தத் தொடரும் 8–8 என்றுதான் முடிந்திருக்கும்.

ஆகவே டெஸ்டுக்கு எத்தனை புள்ளி என்று தீர்மானிக்கிறவர்தான் பாதிக் கிண்ணத்தைக் கையில் வைத்திருக்கிறார். 6 என்பது அதிகம், 2 என்பது டெஸ்டை அவமதிப்பது, 4 ஏறத்தாழச் சரி என்பது என் கணிப்பு. நான்கு நாள் நின்று ஆடி வென்றதற்கும் மூன்று மணித்தியாலத்தில் முடிகிற ஆட்டத்தை வென்றதற்கும் ஒரே பெறுமதி கொடுக்க எனக்கு மனம் வராது. யாழ்ப்பாணத்தில் சென்ற் ஜோன்ஸ் கல்லூரிக்கும் மத்திய கல்லூரிக்கும் இடையில் மூன்று நாள் நடக்கும் வடக்கின் பெரும் போரை வேலியோரம் நின்று பார்த்து வளர்ந்த எவருக்கும் இது விளங்கும்.

ஏன் ஒரேயொரு டெஸ்ட் என்ற கேள்விக்கு வருவோம். பணமும் நாட்காட்டியும்தான் காரணம் என்று ஒரு வரியில் முடித்துவிடலாம். ஆனால் அதற்குப் பின்னால் ஒரு நீண்ட பாதை இருக்கிறது.

பெண்களின் முதல் டெஸ்ட் 1934 டிசம்பரில் பிரிஸ்பேனில் நடந்தது, இதே இரண்டு நாடுகளுக்கிடையில்தான். அவுஸ்திரேலியா முதல் இன்னிங்ஸில் 47 ஓட்டங்களுக்குச் சுருண்டது. மேர்ட்டில் மக்லகன் 10 ஓட்டங்களுக்கு 7 விக்கெட்டுகளை எடுத்தார். போதாதென்று துடுப்பெடுத்து 72 ஓட்டங்களும் அடித்தார். இங்கிலாந்து ஒன்பது விக்கெட்டுகளால் வென்றது. அடுத்த மாதம் சிட்னியில் பெண்கள் டெஸ்டின் முதல் சதத்தையும் மக்லகனே அடித்தார். அந்தத் தொடரில் மூன்று டெஸ்டுகள் நடந்தன என்பதைக் கவனியுங்கள். கப்பலில் போய் வந்த காலத்தில் மூன்று, விமானத்தில் போய் வரும் காலத்தில் ஒன்று.

புள்ளிப் பதிவாளர்கள் பெருமூச்சு விடும் ஆட்டம் ஒன்று உண்டு. 1958-இல் மெல்பர்ன் சென் கில்டா மைதானத்தில், மழையில் நனைந்த ஆடுகளத்தில் அவுஸ்திரேலியா 38-க்கு எல்லோரும் ஆட்டமிழந்தது. இங்கிலாந்து பதிலுக்கு 35. அவுஸ்திரேலியாவின் பெட்டி வில்சன் 7 ஓட்டங்கள் மட்டும் கொடுத்து 7 விக்கெட்டுகளை எடுத்தார், அதில் ஒரு ஹட்ரிக் (அடுத்தடுத்த மூன்று பந்துகளில் மூன்று விக்கெட்டுகள்). இரண்டாவது இன்னிங்ஸில் சரியாக 100 அடித்தார். பிறகு மேலும் 4 விக்கெட்டுகள். ஒரே டெஸ்டில் சதமும் பத்து விக்கெட்டுகளும் எடுத்த முதல் ஆள் அவர்தான். முதல் பெண் என்று சொல்லவில்லை, முதல் ஆள். அதுவரை எந்த ஆணும் செய்திராதது. இத்தனைக்கும் பிறகு அந்த ஆட்டம் வெற்றி தோல்வியின்றி முடிந்தது. இங்கிலாந்து எட்டு விக்கெட்டுகளை இழந்து எப்படியோ நேரத்தைக் கடத்திவிட்டது.

ஆஷஸ் (சாம்பல்) என்ற பெயர் மகளிர் தொடருக்கு வெகு பிந்தித்தான் வந்தது. 1998-இல் லோர்ட்ஸ் மைதானத்தில் இரு அணியினரும் கையெழுத்திட்ட ஒரு சிறு மட்டையை எரித்து, அந்தச் சாம்பலை உள்ளே குடைந்த மரப்பந்து ஒன்றில் வைத்தார்கள். அப்போது கிண்ணம் யாரிடம் என்பதை டெஸ்டுகள் மட்டுமே தீர்மானித்தன. 2005-இல் இங்கிலாந்து வென்றபோது, தொடரை அவர்கள் கடைசியாக வென்று 42 வருடங்கள் ஆகியிருந்தன. அந்த வருடம் ஆண்கள் அணியின் வெற்றி ஊர்வலத்தில் பெண்கள் அணியும் சேர்ந்து போனது.

அதன் பிறகு டெஸ்டுகள் ஒவ்வொன்றாகக் கழன்றன. 2009-இல் ஒரே டெஸ்ட், அதுவும் முடிவில்லை, இங்கிலாந்து கிண்ணத்தைத் தக்கவைத்தது. 2011-இல் ஒரே டெஸ்ட், அவுஸ்திரேலியா வென்றது. ஒரு மழை நாள், ஒரு மோசமான காலைப்பொழுது, அவ்வளவோடு இரண்டு வருடக் காத்திருப்பு முடிந்துவிடும். கூடவே ஒருநாள் போட்டிகளும் இருபது20-களும் நடந்தன, ஆனால் கிண்ணக் கணக்கில் அவை சேரவில்லை. 2013-இல் எல்லா ஆட்டங்களையும் ஒரே கணக்கில் போட்டது இந்தச் சங்கடத்தைத் தீர்க்கத்தான். டெஸ்டைக் கைவிடாமலே தொடரை நீட்டுவதற்கு இதைவிடக் கெட்டித்தனமான வழி எனக்குத் தெரியவில்லை. இந்திய மகளிர் அணியும் 2021-இல் இங்கிலாந்திலும் அவுஸ்திரேலியாவிலும் இதே முறையில்தான் ஆடியது.

என் மனக்குறை புள்ளி முறையில் இல்லை, நாட்களில்தான். மகளிர் டெஸ்ட் பெரும்பாலும் நான்கு நாட்கள். நாளொன்றுக்கு 100 ஓவர்கள் என்று வைத்து அந்தக் குறையை ஈடுகட்டப் பார்க்கிறார்கள். ஆனால் அரை நாள் மழை பெய்தால் போதும், முடிவு கையை விட்டுப் போய்விடும். 2017-இல் நோர்த் சிட்னி மைதானத்தில் எலிஸ் பெரி ஆட்டமிழக்காமல் 213 அடித்த டெஸ்டும் முடிவின்றியே போனது. அந்த இன்னிங்ஸில் ஒரு வேடிக்கை நடந்தது. பந்து எல்லைக்கு மேலால் பறந்து ஆறு ஓட்டங்கள் ஆகிவிட்டது, இருநூறு வந்துவிட்டது என்று நினைத்துப் பெரி தலைக்கவசத்தைக் கழற்றி மட்டையை உயர்த்திக் கொண்டாடினார். நடுவர்கள் பார்த்துவிட்டு இல்லை, நான்குதான் என்றார்கள். சிரித்துக்கொண்டே மறுபடியும் நின்று, சற்று நேரத்தில் உண்மையாகவே இருநூறைத் தொட்டார்.

2022 ஜனவரியில் கன்பராவில் நடந்ததைத்தான் நான் பிள்ளைகளுக்குப் போட்டுக் காட்டச் சொல்வேன். முதல் இன்னிங்ஸில் இங்கிலாந்தை ஒற்றை ஆளாகத் தூக்கி நிறுத்தியவர் அணித்தலைவி ஹெதர் நைட், ஆட்டமிழக்காமல் 168. கடைசி நாள் அவுஸ்திரேலியா துணிந்து இன்னிங்ஸை முடித்துக்கொண்டு, 48 ஓவர்களில் 257 அடியுங்கள் பார்க்கலாம் என்று விட்டது. இங்கிலாந்து ஓடியது. மூன்று விக்கெட்டுகளுக்கு 218 வரை போனபோது வெற்றி கைக்கெட்டும் தூரத்தில் இருந்தது. பிறகு ஒரு சரிவு: ஒருவர் பின் ஒருவராக ஆறு விக்கெட்டுகள். கடைசி ஜோடியாக கேட் குரோஸும் சோஃபி எக்கல்ஸ்டனும். களத்தடுப்பாளர்கள் மட்டையைச் சுற்றி வளைத்து நிற்க, ஒவ்வொரு பந்தையும் மண்ணோடு தட்டி ஆட்டத்தை முடித்தார்கள். 9 விக்கெட்டுகளுக்கு 245. ஒரு அணிக்கு 12 ஓட்டங்கள் போதவில்லை, மற்றதற்கு ஒரு விக்கெட் போதவில்லை. முடிவில்லாத ஆட்டம் சப்பென்று இருக்கும் என்று சொல்லும் பிள்ளைக்கு அந்தக் கடைசி ஒரு மணித்தியாலத்தைக் காட்டினால் போதும்.

அதன் பிறகுதான் 2023 நொட்டிங்ஹாம் டெஸ்டுக்கு ஐந்து நாட்கள் கொடுத்தார்கள். அவுஸ்திரேலியா 473, இங்கிலாந்து 463. முதல் இன்னிங்ஸ் வித்தியாசம் வெறும் பத்து ஓட்டங்கள். டாமி போமண்ட் 208 அடித்தார், டெஸ்டில் இரட்டைச் சதம் அடித்த முதல் இங்கிலாந்துப் பெண். மறுபக்கம் ஆஷ் கார்ட்னர் இரண்டாவது இன்னிங்ஸில் 66 ஓட்டங்களுக்கு 8 விக்கெட்டுகள் எடுத்து ஆட்டத்தைக் கிழித்தார். அது முடிந்தது ஐந்தாம் நாள் காலையில். இப்போது உங்கள் தாளுக்குத் திரும்புங்கள். நான்காம் நாள் மாலையோடு நடுவர்கள் குற்றிகளைப் பிடுங்கியிருந்தால் டெஸ்ட் 2–2. மற்ற ஆறு ஆட்டங்களும் அப்படியே இருந்திருந்தால் தொடர் 10–6, கிண்ணம் இங்கிலாந்துக்கு. நான்கே நாள் என்று தெரிந்திருந்தால் இரு அணிகளும் வேறு வேகத்தில் ஆடியிருக்கும் என்பது உண்மைதான். ஆனாலும் அந்தத் தொடரைத் தீர்மானித்தது டெஸ்டுக்கான 4 புள்ளிகள் என்று சொல்வதைவிட, ஐந்தாம் நாள் என்று சொல்வதுதான் எனக்குப் பொருத்தமாகப் படுகிறது. அப்படி ஒரு முடிவு கிடைத்ததற்காகவே ஐந்தாம் நாளை நிரந்தரமாக்க வேண்டும் என்பேன், இங்கிலாந்து ரசிகர்கள் என்னைத் திட்டினாலும்.

2025-ஐப் பற்றி நீட்ட ஒன்றுமில்லை. ஏழில் ஏழும் அவுஸ்திரேலியா, 16–0. மெல்பர்னில் பகலிரவாக நடந்த டெஸ்டில் இங்கிலாந்து 170, 148. அவுஸ்திரேலியா ஒரே இன்னிங்ஸில் 440. இங்கிலாந்து பிடிகளை வரிசையாகத் தவறவிட்டது. அன்னபெல் சதர்லண்ட் 163, பெத் மூனி 106. மூன்று நாட்களில் எல்லாம் முடிந்தது. அதன் பிறகு நைட்டின் தலைமைப் பதவி போனது, பயிற்றுநரும் போனார். உங்கள் அணியில் லெக் ஸ்பின் (மணிக்கட்டால் சுழற்றும் பந்து) போடும் பிள்ளை யாராவது இருந்தால் அந்த டெஸ்டில் அலனா கிங் போட்ட பந்துகளைத் தேடிப் பார்க்கச் சொல்லுங்கள்: இரண்டு இன்னிங்ஸிலும் சேர்த்து ஒன்பது விக்கெட்டுகள். மெல்பர்னில் பிறந்தவர், பெற்றோர் சென்னையிலிருந்து குடிபெயர்ந்தவர்கள். பந்தைக் காற்றில் மெதுவாக மிதக்கவிடப் பயப்படாத கை அது. அடி விழும் என்ற பயத்தில் வேகமாகத் தட்டிவிடும் பழக்கம்தான் எங்கள் பிள்ளைகளின் சுழல் பந்துவீச்சைக் கெடுக்கிறது.

இனி இலங்கை. எங்கள் மகளிர் அணி இதுவரை ஆடியது ஒரேயொரு டெஸ்ட், 1998-இல் கொழும்பில் பாகிஸ்தானுக்கு எதிராக. அதை 309 ஓட்டங்களால் வென்றது. நூற்றுக்கு நூறு வெற்றி, தோல்வியே காணாத டெஸ்ட் அணி என்று பகிடியாகச் சொல்லலாம், ஆனால் அந்தப் பகிடி கசக்கிறது. ஆடத் தெரியாததால் டெஸ்ட் இல்லை என்று யாரும் சொல்ல முடியாது. 2017 உலகக் கிண்ணத்தில் பிரிஸ்டலில் அவுஸ்திரேலியாவுக்கு எதிராக அணி எடுத்த 257-இல் சமரி அத்தபத்து ஆட்டமிழக்காமல் அடித்தது மட்டும் 178. ஆனாலும் மெக் லானிங்கின் 152 அந்த ஆட்டத்தைப் பறித்துக்கொண்டது. 2024 ஏப்ரலில் தென்னாபிரிக்காவில் 302 என்ற இலக்கைத் துரத்தி வென்றபோது அதே சமரி 195. பெண்கள் ஒருநாள் போட்டிகளில் அதுவரை எவரும் அவ்வளவு பெரிய இலக்கைத் துரத்தி வென்றதில்லை. 2023 செப்டம்பரில் இங்கிலாந்தை அவர்கள் மண்ணிலேயே இருபது20 தொடரில் 2–1 என்று வீழ்த்தினார்கள். செல்ம்ஸ்ஃபோர்டில் இங்கிலாந்து 104-க்கு எல்லோரும் ஆட்டமிழந்தது. 2024 ஜூலையில் தம்புள்ளையில் ஆசியக் கிண்ண இறுதிப் போட்டி: இந்தியா 165, இலங்கை இரண்டே விக்கெட்டுகளை இழந்து அதைத் தாண்டியது. ஹர்ஷிதா சமரவிக்ரம ஆட்டமிழக்காமல் 69, சமரி 61. அதுவரை நடந்த எட்டு ஆசியக் கிண்ணங்களில் ஏழை இந்தியாவே வைத்திருந்தது.

என் பார்வையில், இலங்கைக்கும் இந்தியாவுக்கும் இடையில் ஆஷஸ் போன்றதொரு புள்ளித் தொடரை வைக்க இதைவிட நல்ல நேரம் இருக்காது. ஆனால் டெஸ்டை மேலே இருந்து இறக்க முடியாது. இருபது ஓவர் மட்டுமே ஆடி வளர்ந்த பிள்ளையை நேரே நான்கு நாள் ஆட்டத்தில் விட்டால் என்ன நடக்கும்? துடுப்பாட்டக்காரிக்குப் பந்தை விடத் தெரியாது, பந்துவீசுபவருக்கு இரண்டாவது தடவை திரும்பி வந்து போட உடம்பு இருக்காது. சென்ற் ஜோன்ஸும் மத்திய கல்லூரியும் 1904-இலிருந்து மோதுகின்றன, பெண்கள் டெஸ்ட் தொடங்குவதற்கு முப்பது வருடங்களுக்கு முன்பிருந்து. அந்தப் போட்டிகளில் பெண் பிள்ளைகளுக்கு எல்லைக் கோட்டுக்கு வெளியே மட்டும்தான் இடம் இருந்தது. இரண்டு நாள் நின்று ஆடும் பழக்கம் பாடசாலையில் இல்லாமல் நாட்டு அணியில் மட்டும் எப்படி வரும்?

அதனால்தான் உங்கள் கடைசிக் கேள்வி எனக்குப் பிடித்தது. ஒரு இரண்டு நாள் போட்டி, மூன்று இருபது ஓவர் போட்டிகள், நான்கே ஆட்டங்கள் போதும். ஆஷஸின் மொத்தம் 16, இரட்டை எண். 8–8 வருவதற்கு வாசலைத் திறந்து வைப்பதே அதுதான். நீங்கள் மொத்தத்தை ஒற்றை எண்ணாக வையுங்கள். இரண்டு நாள் போட்டியில் வென்றால் 3. முடிவில்லாமல் போனால் முதல் இன்னிங்ஸில் முன்னிலை பெற்ற அணிக்கு 2, மற்றதற்கு 1. இருபது ஓவர் போட்டிகளுக்கு வெற்றிக்கு 2, மழையிலோ சமநிலையிலோ முடிந்தால் ஆளுக்கு 1. எப்படிக் கூட்டினாலும் மொத்தம் 9 வரும், இரண்டாகப் பிரிக்க முடியாது. இரண்டு நாள் போட்டியை முதலில் வைக்காதீர்கள், கடைசியில் வையுங்கள். அப்போது 4–2 என்று பின்தங்கிய அணிக்கும் கிண்ணம் எட்டும்.

பந்து விடயத்தில் ஒன்று. ஆண்கள் பந்து 156 முதல் 163 கிராம், பெண்கள் பந்து 140 முதல் 151 கிராம். அண்ணன்மார் அடித்துத் தேய்ந்த பழைய பந்துகளைப் பெண்கள் அணிக்குத் தள்ளிவிடும் வழக்கம் பல இடங்களில் இருக்கிறது. அதை வாங்காதீர்கள். சின்ன விரல்களுக்குப் பெரிய பந்து பிடிபடாது, சுழல் பந்து போடும் பிள்ளைக்கு முதலில் போவது விரல், பிறகு நம்பிக்கை.

மாசி, பங்குனியில் வைத்துக்கொள்ளுங்கள். ஐப்பசி, கார்த்திகையில் வைத்தால் பிள்ளைகள் ஆடுவதைவிட ஆடுகளத்தை மூடித் திறப்பதுதான் வேலையாக இருக்கும். அப்படியும் மழை வந்து, இரண்டு நாள் போட்டியில் முதல் இன்னிங்ஸ்கூட முடியாமல் போனால் என் கணக்கு உடையும். அதற்கு என்ன செய்வது என்பதை இரு பாடசாலைகளும் முதல் பந்துக்கு முன்பே எழுதிக் கையெழுத்திட்டு வைத்துக்கொள்ளுங்கள். ஏற்கெனவே வைத்திருப்பவரிடமே கிண்ணம் என்ற ஆஷஸ் விதி முதல் வருடத்தில் உங்களுக்கு உதவாது, அப்போது கிண்ணம் யாரிடமும் இருக்காதே!